மாதம் முன்னூறு மிச்சம்

போன வாரம் எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் ஓர் அறிவிப்பு வெளியானது. வெளியிட்டவர் என் கணவர். வீட்டுக் கடனை மறுபடியும் புதுப்பிக்கப் போகிறார். தவணை குறையப் போகிறது. மாடியில் கண்ணாடித் தடுப்பு வைத்த பால்கனி வரப் போகிறது. இதற்கெல்லாம் எங்கள் மகள் ஒரே ஒரு கையெழுத்துப் போட்டால் போதும். மகள் பதில் பேசாமல் தட்டைக் கழுவி வைத்துவிட்டுப் படுக்கப் போனாள். அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொள்ள உலகத்தில் இவர் ஒருத்தரால்தான் முடியும்.

இன்று அந்தக் கையெழுத்து நாள்.

பள்ளிக்கூடப் பிள்ளைகளை இறக்கிவிட்டு, வேனை வாசலில் நிறுத்தி உள்ளே வந்தேன். எங்கள் வீட்டு மகாராஜா தயாராக இருந்தார். இஸ்திரி போட்ட சட்டை, கழுத்துக்கு இரண்டு பக்கமும் சென்ட், கையில் பைல். எங்கள் கல்யாணத்துக்குக்கூட இவ்வளவு மெனக்கெட்டதாக எனக்கு ஞாபகம் இல்லை.

"என்னங்க, கடன் வாங்கப் போறீங்களா, பட்டம் வாங்கப் போறீங்களா?"

"உனக்கு எல்லாமே கிண்டல்தான். தவணை குறையுது, கையில காசும் வருது. யாருக்கு இப்படி அமையும்?"

"அதான் எனக்கும் புரியல. குடுக்கிறவன் ஏன் சிரிச்சுக்கிட்டே குடுக்கிறான்?"

அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. கண்ணாடியில் மீசையைப் பார்த்துக்கொண்டார்.

இவரைத் தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. டைல்ஸ் கடையில் மேனேஜர். மேனேஜர் என்றால், யாரும் வாங்காத டைல்ஸை வீட்டுக்குக் கொண்டுவருகிறவர் என்று அர்த்தம். ஹாலில் வெளிர்பச்சை. சமையலறையில் பழுப்புப் பூ. குளியலறையில் மீன். மாடிப்படியில் ஒரு படியைப் போல இன்னொரு படி கிடையாது. எல்லாம் கடைசி ஸ்டாக், பாதி விலை. ஒட்டுகிற கூலி மட்டும் முழு விலை. அந்தக் கூலிக்கும், அதைச் சாக்கிட்டு இடித்துக் கட்டிய சுவர்களுக்கும்தான் இரண்டு தடவை கடனை ஏற்றியாயிற்று. வீட்டுக்கு வருகிறவர்கள் கீழே பார்த்துவிட்டு, பிறகு என் முகத்தைப் பார்ப்பார்கள். நான் டீ போடப் போய்விடுவேன்.

ஹால் சுவரில் மூன்று போட்டோ மாட்டியிருக்கிறது. ஒவ்வொரு முறை கடன் கையெழுத்தானதும் பாங்க் வாசலில் குடும்பத்தோடு நின்று ஒரு போட்டோ, பிறகு ஓட்டலில் சாப்பாடு, ஐஸ்கிரீம். அது எங்கள் வீட்டுக்கென்று இவர் உண்டாக்கிய வழக்கம். முதல் போட்டோவில் மகளுக்கு ஐந்து வயது, அப்பா தோளில் உட்கார்ந்திருக்கிறாள். இரண்டாவதில் பதினொன்று. மூன்றாவதில் பதினேழு, முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டிருக்கிறாள். ஊரில் மற்றவர்கள் பிள்ளையின் பிறந்தநாள் போட்டோவை மாட்டுவார்கள். நாங்கள் கடன் வாங்கிய போட்டோவை மாட்டியிருக்கிறோம். நாலாவதுக்கு ஆணி இன்று காலையிலேயே அடித்துவிட்டார்.

மகள் மாடியிலிருந்து இறங்கி வந்தாள். ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்து நாலு மாதம் ஆகிறது. அரை நாள் லீவு போட்டிருந்தாள்.

"போலாமா பாப்பா? ஐஸ்கிரீம் உண்டு!" என்றார் அவள் அப்பா.

இருபத்து மூன்று வயதுப் பெண்ணிடம் ஐஸ்கிரீமாம். வாயில் வந்ததை அடக்கிக்கொண்டேன்.

மூவரும் வேனில் கிளம்பினோம். இவருக்கு அந்த வேனில் ஏறுவதென்றால் மானக்கேடு. கண்ணாடி முழுக்கப் பிள்ளைகள் ஒட்டிய பொம்மை ஸ்டிக்கர், சீட்டுக்கு அடியில் பென்சில் சீவல். கைக்குட்டையை விரித்து அதன்மேல் உட்கார்ந்தார். அந்த வேன் ஓடித்தான் பல மாதம் தவணைக்குத் துண்டு விழாமல் போயிருக்கிறது என்பதை நான் சொல்லவில்லை. சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது.

"முப்பது வருஷத்துக்குக் குடுக்கிறாங்க பாப்பா," என்றார் பின்னாலிருந்து. "எனக்கு வயசு இடிக்குது. போன தடவை உங்க அம்மா வயசைக் காட்டி சமாளிச்சோம். இந்தத் தடவை அவளும் கிழவியாயிட்டா."

உண்மைதான். நாற்பத்தாறு வயதில் பாங்க் என்னைக் காலாவதியான மருந்து மாதிரி ஒதுக்கிவிட்டது. அதனால்தான் மகள் வேண்டியிருக்கிறது. அவள் சம்பளம், அவள் வயது, அவளுடைய முப்பது வருஷம். அதில் அவள் பெயர் ஏறிவிட்டால் பிறகு அவளுக்கென்று மேல்படிப்பும் கிடையாது, வேறு ஊரில் வேலையும் கிடையாது. மாதம் பிறந்தால் அப்பாவின் பால்கனிக்கு அழ வேண்டியதுதான்.

"முப்பது வருஷம் கழிச்சு எனக்கு ஐம்பத்து மூணுப்பா," என்றாள் மகள்.

"அப்போ பாரு! உனக்குன்னு கடனே இல்லாம ஒரு வீடு நிக்கும்."

"இப்போ உங்களுக்கு ஐம்பத்து ரெண்டுதானே?"

"ஆமா. அதுக்கென்ன?"

அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அவருக்குப் புரியவில்லை. விளக்கிச் சொன்னாலும் புரிந்திருக்காது.

பாங்குக்குப் பின்தெருவில் வேனை நிறுத்தச் சொன்னார். யாரும் பார்த்துவிடக் கூடாதாம். நடந்து போனோம்.

கடன் பிரிவில் ஒரு டை கட்டிய தம்பி உட்கார்ந்திருந்தான். இருபத்தாறு வயது இருக்கும். எங்கள் கடனைவிட எட்டு வயதுதான் மூத்தவன். எழுந்து நின்று கும்பிடாத குறையாக வரவேற்றான். குளிர்ந்த தண்ணீர் வந்தது, கிண்ணத்தில் மிட்டாய் வந்தது. இவர் இரண்டு எடுத்துக்கொண்டார்.

"சார் மாதிரி கஸ்டமர் கிடைக்கிறது எங்களுக்குப் பெருமை சார். பதினெட்டு வருஷத்துல ஒரு தவணை தவறினதில்ல."

"உயிரை விட்டாலும் விடுவேன், தவணையை விட மாட்டேன்," என்றார் மகாராஜா, நெஞ்சை நிமிர்த்தி.

"புது வட்டியில, பால்கனிக்கு ஒன்றரை லட்சம் கூடச் சேர்த்துக் குடுத்தும், உங்க தவணை குறையுது சார். மாசம் முன்னூத்தி அறுபத்தஞ்சு மிச்சம்!"

இவர் என் பக்கம் திரும்பினார். உலகக் கோப்பையைத் தூக்கிக் காட்டுகிறவர் முகம்.

"முன்னூத்தி அறுபத்தஞ்சு! கேட்டியா?"

"கேட்டேன். வேன் ரெண்டு நாள் குடிக்கிற டீசலுக்குக்கூடக் காணாது."

"உன் புத்தி வேனைத் தாண்டிப் போகாது."

தம்பி தாள்களை மகள் பக்கம் நகர்த்தினான். எங்கெங்கே கையெழுத்து என்று பென்சிலால் கட்டம் போட்டு வைத்திருந்தான். மகள் பேனாவை எடுக்கவில்லை.

"மொத்தம் எவ்வளவு சார்?"

"இருபத்தொண்ணரை லட்சம் மேடம். பழைய பாக்கி இருபது, புதுசு ஒன்றரை."

"அது நீங்க குடுக்கிறது. நாங்க குடுக்கிறது எவ்வளவு?"

தம்பியின் கை நின்றது. அவனைக் குறை சொல்ல மாட்டேன், மறைக்கவில்லை.

"அதை யாரும் கேக்கறதில்ல மேடம்," என்றான். கம்ப்யூட்டரில் தட்டிப் பார்த்தான். திரையைக் கொஞ்சம் எங்கள் பக்கம் திருப்பினான். "முப்பது வருஷத்துக்கும் சேர்த்து, ஐம்பத்தொன்பதரை லட்சம் வரும்."

இவர் சிரித்தார்.

"மொத்தத்தையும் ஒரே நாள்லயா கட்டப் போறோம்? மாசம் எவ்வளவு, அதை மட்டும் பாரு பாப்பா."

இதுதான் இவர் படிப்பு. பதினெட்டு வருஷமாக இந்த ஒரு வரியைத்தான் படித்துக்கொண்டிருக்கிறார். டைல்ஸ் விற்கும்போது சதுர அடிக்கு எவ்வளவு என்று சொல்லி வாங்குகிறவன் தலையில் மிளகாய் அரைக்கத் தெரியும். தன் தலையில் அதே மிளகாயை அரைத்தால் எரிவது தெரியாது.

"இதுவரைக்கும் எவ்வளவு கட்டியிருக்கோம் சார்?" என்றாள் மகள்.

"எதுக்குடி பழைய கதை?"

"சும்மா தெரிஞ்சுக்கலாம்ப்பா."

தம்பி பார்த்தான். மறுபடி பார்த்தான். "மூணு கடன்லயும் சேர்த்து, முப்பத்தொன்பது லட்சம் கிட்ட."

"முதல்ல வாங்கினது?"

"இருபது."

"நடுவுல?"

"ரெண்டு தடவையும் சேர்த்து அஞ்சு லட்சத்துச் சொச்சம்."

"இப்போ பாக்கி?"

"இருபது."

மிட்டாய்த் தாளைப் பிரிக்கிற சத்தம் மட்டும் கேட்டது. மகாராஜா இரண்டாவது மிட்டாய்க்கு வந்திருந்தார்.

நான் கணக்கில் புலி இல்லை. ஆனால் இது கணக்கா? இருபது வாங்கி, முப்பத்தொன்பது கட்டி, இருபது பாக்கி. பதினெட்டு வருஷம் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி, காய்ச்சலோடு வேன் ஓட்டி, பள்ளிச் சுற்றுலாவுக்குப் போகாதே என்று இந்தப் பெண்ணை அழ வைத்து, கடைசியில் புறப்பட்ட இடத்திலேயே நின்றுகொண்டிருக்கிறோம். காலுக்கடியில் பூப்போட்ட டைல்ஸ் இருக்கிறது, அவ்வளவுதான்.

"எப்படித் தம்பி?" என்றேன்.

"ஆரம்ப வருஷங்கள்ல நீங்க கட்டறதுல முக்கால்வாசி வட்டிக்கே போயிடும் மேடம். அசல் கரையறது பின்னாடிதான். நீங்க ஒவ்வொரு தடவையும் அது கரைய ஆரம்பிக்கிற நேரத்துல, கூடக் கொஞ்சம் வாங்கி, வருஷத்தையும் நீட்டி, புதுசா முதல்ல இருந்து ஆரம்பிச்சிருக்கீங்க."

"முதல் கடனை அப்படியே விட்டிருந்தா?" மகள்தான் கேட்டாள்.

தம்பி இவர் முகத்தைப் பார்த்தான். பிறகு மேஜையைப் பார்த்துச் சொன்னான்.

"இன்னும் ரெண்டு வருஷத்துல முடிஞ்சிருக்கும்."

அடேங்கப்பா! இரண்டு முறை பாங்க் வாசலில் பல்லைக் காட்டி நின்றோமே, ஐஸ்கிரீம் தின்றோமே, அது இதற்குத்தானா? எங்களைப் பார்த்து அந்த ஓட்டல் சிப்பந்திகூடச் சிரித்திருப்பான்.

மகாராஜாவின் மூஞ்சி கொஞ்சம் தொங்கியது. ஆனால் தொங்கிய மூஞ்சியைத் தூக்கி நிறுத்த அவருக்கு எப்போதும் ஒரு முட்டு கிடைக்கும்.

"வாடகை வீட்ல இருந்திருந்தா மட்டும் என்னவாம்? மாசா மாசம் அடுத்தவன் கையில கொட்டியிருப்போம். ஆணி அடிக்கக்கூட அவன்கிட்ட அனுமதி கேக்கணும். வாடகைக்கு இருக்கிறவனுக்கெல்லாம் ஒரு மரியாதையா?"

"இப்போ யார் கையிலப்பா கொட்டறோம்?"

தம்பி தண்ணீர் குடித்தான்.

மகள் நிதானமாகத்தான் பேசினாள். "சார், பால்கனி வேண்டாம், வருஷத்தை நீட்ட வேண்டாம். இப்போ கட்டற தவணையே கட்டறோம். வட்டியை மட்டும் குறைக்க முடியுமா?"

"தாராளமா. மூணு வருஷம் முன்னாடியே முடிஞ்சிடும் மேடம். அதுக்கு உங்க கையெழுத்தே தேவையில்ல."

எனக்கு உயிர் வந்தது. இவ்வளவு சுலபமா? நான் பையைத் தூக்கிக்கொண்டு எழுந்தேவிட்டேன்.

"உக்காரு," என்றார் இவர். "பால்கனி இல்லாம முடியாது. கண்ணாடிக்காரனுக்கு அட்வான்ஸ் குடுத்தாச்சு. மதியம் மாடிச் சுவரை இடிக்க ஆள் வருது."

"அட்வான்ஸா? எந்தப் பணத்துல?"

"வீட்ல இருந்த பணம்தான்."

"வீட்ல எந்தப் பணம் இருந்தது?"

அவர் பைலைத் திறந்து மூடினார்.

"பீரோவுல துணிக்கு அடியில இருந்ததா?"

கிண்ணத்திலிருந்து இன்னொரு மிட்டாயை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

"அது டயர் பணம்ங்க! பின் டயர் ரெண்டும் மொட்டையா ஓடுது. அதுல ஊரார் பிள்ளைங்க உக்காந்து வருது."

"கத்தாத. ஒரு மாசம் ஓடாதா? கடன் வந்ததும் எடுத்துக்கோ."

கோபம் வந்திருந்தால்கூடப் பரவாயில்லை. கோபப்படுகிற மனிதர்மேல் கொஞ்சமாவது மரியாதை மிச்சமிருக்கும். எனக்கு வந்தது அருவருப்பு. அந்த இஸ்திரிச் சட்டை, அந்த சென்ட், கடைவாயில் ஒதுக்கிய மிட்டாய், எல்லாவற்றையும் பார்க்கப் பார்க்கக் குமட்டியது. இந்த மனுஷனோடா இத்தனை வருஷம் குப்பை கொட்டினேன் என்று வெட்கமாக இருந்தது.

அவர் என்னைக் கவனிக்கவே இல்லை. பேனாவை எடுத்து மகளின் விரல்களுக்கு நடுவில் வைத்தார். குரலைத் தேனாக்கிக்கொண்டார்.

"இந்த வீடு யாருக்கு பாப்பா? நான் போகும்போது தூக்கிட்டுப் போகப் போறேனா? எல்லாம் உனக்குத்தானே. போடு."

மகள் பேனாவுக்கு மூடியைப் போட்டாள். மேஜைமேல் வைத்தாள்.

"எனக்கு வேண்டாம்ப்பா."

"என்ன வேண்டாம்? பால்கனியா?"

"வீடு."

மகாராஜா மிட்டாயை அப்படியே விழுங்கிவிட்டார்.

"வேலைக்குப் பக்கத்துல ஒரு ரூம் பாத்திருக்கேன். முன்பணம் குடுத்துட்டேன். இன்னிக்கே போறேன்."

"ரூமா? வாடகைக்கா?"

ஐம்பத்தொன்பது லட்சம் என்றபோது சிரித்த மனுஷன், இருபது பாக்கி என்றபோது மிட்டாய் தின்ற மனுஷன், இப்போது போட்ட கூச்சலில் பணம் கட்டுகிற வரிசையே திரும்பிப் பார்த்தது.

"என் பொண்ணு வாடகைக்கா? சொந்த வீடு இருக்கும்போது வாடகைக்கா? நாலு பேர் என்ன சொல்லுவாங்க?"

"ஆமாம்ப்பா, வாடகைக்குத்தான். பிடிக்கலைன்னா ஒரு மாசம் முன்னாடி சொல்லிட்டுக் காலி பண்ணிடலாம்."

அவள் எழுந்தாள். தம்பிக்கு நன்றி சொன்னாள். என்னைப் பார்த்து, "சின்ன வகுப்புப் பிள்ளைங்களைக் கூப்பிட நேரமாச்சும்மா, வா," என்றாள். நான் அவள் பின்னால் நடந்தேன். இவர் வரவில்லை. கதவருகில் திரும்பிப் பார்த்தேன். தாள்களைத் தம்பி பக்கம் தள்ளி, ஏதோ கெஞ்சிக்கொண்டிருந்தார்.

வேனில் மகள் எனக்குப் பக்கத்து சீட்டில் ஏறி உட்கார்ந்தாள். பின் டயரை நினைத்து மெதுவாகவே ஓட்டினேன்.

"நேத்து ராத்திரியே சொல்லியிருக்கலாமே?" என்றேன்.

"சொன்னா நீ சமாதானம் பண்ணியிருப்பே. வழக்கமா அப்படித்தானே பண்ணுவே."

நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்டாள். நான் கியரை மாற்றினேன்.

போன் அடித்தது. டாஷ்போர்டில் மாட்டியிருந்ததால் அவர் குரல் வேன் முழுக்கக் கேட்டது.

"கேளு, ஒரு வழி பண்ணிட்டேன். பாப்பா போனா போகட்டும், தம்பி வேற மாதிரி குடுக்கிறாரு. உன் கையெழுத்து மட்டும் போதுமாம். வருஷம் இப்போ இருக்கிறபடியே, தவணைதான் கொஞ்சம் ஏறும். கூட வர்றதை உன் வேன் வருமானத்துல பாத்துக்கலாம். பிள்ளைங்களை விட்டுட்டு நேரா இங்க வந்துடு. மாடியில இடிக்க ஆரம்பிச்சிட்டாங்க, இனிமே நிறுத்த முடியாது."

தவணை ஏறுமாம்! பதினெட்டு வருஷமாகத் தவணை குறைகிறது, குறைகிறது என்று தலைகால் தெரியாமல் ஆடியவர், என் உழைப்பிலிருந்து போகிறது என்றதும் ஏறினாலும் பரவாயில்லை என்கிறார். நான் போனை அணைத்தேன்.

மகள் சாலையைப் பார்த்துக்கொண்டே கேட்டாள்.

"போடுவியாம்மா?"

பள்ளிக்கூடத் தெருவுக்குள் திரும்பினேன். வாசலில் குட்டிப் பிள்ளைகள் வரிசையாக நின்றுகொண்டிருந்தார்கள். வேனைப் பார்த்ததும் முன்னால் நின்ற இரண்டு வாண்டுகள் குதித்தன.

"அந்த ரூம்ல ரெண்டு கட்டில்மா," என்றாள் மகள். "ஒண்ணுக்குத்தான் வாடகை குடுத்திருக்கேன். இன்னொண்ணை இந்த வாரக் கடைசி வரைக்கும் யாருக்கும் விட வேண்டாம்னு சொல்லி வெச்சிருக்கேன்."

நான் வேனை நிறுத்தினேன். ஊரில் யார் எது கேட்டாலும் வாயில் தயாராகப் பதில் வைத்திருக்கிறவள் நான். என் மகளுக்குச் சொல்ல எனக்கு ஒரு சொல் வரவில்லை, அழுகைதான் வந்தது. பிள்ளைகள் ஓடிவந்து கதவைத் தட்டினார்கள். போன் மறுபடி அடித்தது.